புகுந்த வீட்டுக்குப் போன 31 கேம்கள்

செமஸ்டர் முடிந்து 2025 டிசம்பரில் ஊருக்கு வந்தேன். பாளையங்கோட்டையில் பஸ் இறங்கி, வீட்டுக்குப் போய், அம்மா போட்ட தோசையில் நாலைத் தின்றுவிட்டு, நேராகப் போய் உட்கார்ந்த இடம் கம்ப்யூட்டர். (ஆறு மாதமாகப் பிள்ளையைப் பார்க்காத தாய் எதிரே நிற்கிறாள், இவன் மானிட்டரைத் துடைக்கிறான் என்று அப்பா சொன்னது தனிக்கதை.)

ஸ்டீமைத் திறந்தேன். லைப்ரரியில் இடது பக்கம் வரிசையாகக் கேம்களின் பெயர்கள் வரும், அதன் தலையில் எண்ணிக்கை இருக்கும். 57 இருக்க வேண்டும். 26 இருந்தது.

முதலில் ஏதோ லோடாகிறது என்று நினைத்தேன். காபி குடித்துவிட்டு வந்து பார்த்தேன். 26. மூடித் திறந்தேன். 26. கம்ப்யூட்டரையே அணைத்துப் போட்டேன். அதே 26. சரி, களத்தில் இறங்கிவிட வேண்டியதுதான் என்று சட்டையை மாற்றிவிட்டு உட்கார்ந்தேன். அன்று ராத்திரி நடந்ததைத்தான் இங்கே எழுதுகிறேன். உங்களுக்கும் ஒருநாள் இந்த வேலை வரும், அப்போது உதவும். கேம் ஆடாதவர்கள் கடைசிப் பாதியை மட்டும் படித்துக்கொள்ளலாம், அங்கே ஒரு கல்யாண வீடு இருக்கிறது :)

முதலில் ஒரு அடிப்படை விஷயம். "கேம் காணோம்" என்று நாம் சொல்வது இரண்டு வேறு வேறு வியாதி. ஒன்று, கேம் பட்டியலில் இருக்கிறது, ஆனால் பெயர் மங்கி, "நிறுவு" என்று கேட்கிறது. இன்னொன்று, பட்டியலிலேயே இல்லை. இந்த இரண்டுக்கும் வைத்தியம் வேறு. நம்ம ஊர் பாஷையில் சொன்னால் நிலம் வேறு, பட்டா வேறு. உங்கள் ஹார்ட் டிஸ்கில் கிடக்கும் கோப்புகள் நிலம். உங்கள் அக்கவுண்டில் இருக்கும் உரிமம் பட்டா. நிலம் அங்கேயே கிடக்கும், பட்டா வேறு ஆள் பேரில் இருக்கும். பட்டா உங்கள் பேரில் பத்திரமாக இருக்கும், நிலத்தைத் தண்ணீர் கொண்டு போயிருக்கும். முதலில் எது போயிற்று என்று தெரிந்துகொள்ளாமல் நோண்ட ஆரம்பித்தால் விடிந்துவிடும். எனக்கு அன்று இரண்டுமே போயிருந்தது என்பதுதான் கூத்து.

பட்டியலில் இல்லாத கேமுக்கு முதலில் செய்ய வேண்டியது வெட்கப்படாமல் வடிகட்டியைப் பார்ப்பது. லைப்ரரியில் தேடும் பெட்டிக்குப் பக்கத்தில் குட்டிக் குட்டியாகச் சில பொத்தான்கள் உண்டு. உடனே ஆடத் தயாராக இருப்பதை மட்டும் காட்டு என்று ஒன்று. பென்குயின் படம் போட்ட இன்னொன்று லினக்ஸில் ஓடுவதை மட்டும் காட்டும். கை தவறி அதைத் தட்டிவிட்டுப் பாதி லைப்ரரி போய்விட்டது என்று என் ரூம் மேட் ஒருத்தன் ராத்திரி ஒரு மணிக்கு என்னை எழுப்பியிருக்கிறான். தேடும் பெட்டியில் நேற்று அடித்த ரெண்டு எழுத்து அப்படியே கிடந்தாலும் இதே கதிதான். அடுத்தது மறைத்து வைத்த கேம்கள். மெனுவில் "வியூ" என்பதற்குள் போனால் மறைத்தவை தனியாகத் தெரியும். வீட்டுக்குத் தெரியாமல் எதையோ மறைத்துவிட்டு, பிறகு தானே மறந்துபோனவர்கள் நம்மில் எத்தனை பேர், கை தூக்குங்கள்.

என் விஷயத்தில் வடிகட்டி எதுவும் போட்டிருக்கவில்லை. மறைத்து வைத்ததும் எதுவும் இல்லை (நம்புங்கள்).

அடுத்த சந்தேகம் அக்கவுண்ட். இந்த வியாதிக்கு மிகச் சாதாரணமான காரணம், நீங்கள் வேறு அக்கவுண்டில் நுழைந்திருப்பதுதான். ஸ்கூல் படிக்கும்போது ஒரு மின்னஞ்சலில் ஒன்று, காலேஜ் வந்த பிறகு இன்னொன்று என்று வைத்திருப்போம். கேம் எதில் வாங்கினோம் என்பது மறந்துபோகும். ஸ்டீமில் அக்கவுண்ட் விவரங்களுக்குள் உரிமங்களின் பட்டியல் என்று ஒரு பக்கம் உண்டு. எந்தத் தேதியில் எது உங்கள் பேருக்கு வந்தது, கடையில் வாங்கியதா, பரிசாக வந்ததா, சாவி எண் போட்டு ஏற்றியதா என்று வரிசையாக இருக்கும். அதுதான் பதிவாளர் அலுவலகம். அங்கே இருந்தால் உங்களுடையது, இல்லையென்றால் இல்லை. இலவசமாக ஆடும் கேம்கள் அதில் ஒருபோதும் ஏறாமலேயே போயிருக்கலாம், சும்மா ஒரு தடவை கடைப் பக்கத்தில் பார்த்ததை "என்னிடம் இருந்தது" என்று மூளை சத்தியம் செய்யும். வாங்கி 14 நாளுக்குள், இரண்டு மணி நேரத்துக்கும் குறைவாக ஆடிவிட்டு, காசைத் திரும்ப வாங்கியதையும் மூளை மறந்துவிடும்.

என் உரிமப் பக்கத்தில் சரியாக என்னுடைய 26 இருந்தது. அந்த இடத்திலேயே எனக்கு உறைத்திருக்க வேண்டும். உறைக்கவில்லை. ஏனென்றால் அதே நேரத்தில் நிலமும் போயிருந்ததைப் பார்த்துவிட்டேன்.

இருக்கிற 26ல் ஏழு கேம்களை முன்பே நிறுவி வைத்திருந்தேன். அந்த ஏழும் மங்கிப்போய் "நிறுவு, நிறுவு" என்று கெஞ்சிக்கொண்டிருந்தன. எல்லாமே டி டிரைவில் இருந்தவை. உள்ளே போய்ப் பார்த்தால் டி டிரைவில் ஒன்றுமே இல்லை, ஏதோ 500 எம்பி அளவில் ஒரு துண்டு. வயிற்றைக் கலக்கியது.

"அப்பா, இந்தக் கம்ப்யூட்டரை யாராவது திறந்தாங்களா?"

"போன மாசம் ரொம்ப மெதுவா இருக்குன்னு ஜங்ஷன் பக்கம் ஒரு கடையில குடுத்தேன். புதுசா ஏதோ எஸ்எஸ்டியாம், அதைப் போட்டுக் குடுத்தான். இப்ப பறக்குதுலா?"

பறக்கத்தான் செய்தது. அந்தக் கடைக்காரர் நல்ல வேலைக்காரர். விண்டோஸைப் புதிதாகப் போடாமல், பழைய டிஸ்கில் இருந்த சி டிரைவை அப்படியே நகலெடுத்துப் புது எஸ்எஸ்டியில் இறக்கியிருக்கிறார். அப்பாவின் பென்ஷன் ஃபைல் முதல் எல்லாம் வைத்த இடத்தில் இருந்தன. ஆனால் அந்த மாற்றத்தில் ஒரு குட்டிப் பகிர்வு டி என்ற எழுத்தை எடுத்துக்கொண்டது. என் பழைய டி டிரைவ் பாவம், இ என்று பெயர் மாறிப்போய் ஒதுங்கி நின்றது.

இங்கே ஸ்டீம் எப்படி யோசிக்கிறது என்பதைத் தெரிந்துகொள்வது நல்லது. ஒரு கேம் நிறுவப்பட்டிருக்கிறதா என்று அது டிஸ்க் முழுக்கத் தேடுவதில்லை. எந்தெந்த இடத்தில் லைப்ரரி ஃபோல்டர் வைத்திருக்கிறாய் என்று ஒரு சின்ன எழுத்துக் கோப்பில் முகவரியாகக் குறித்து வைத்திருக்கிறது. அந்த முகவரிக்குப் போகும். அங்கே ஸ்டீம்ஆப்ஸ் என்ற ஃபோல்டருக்குள் ஒவ்வொரு கேமுக்கும் ஆப்மேனிஃபெஸ்ட் என்று ஒரு துண்டுச் சீட்டு இருக்கும். கேமின் எண்ணே அந்தச் சீட்டின் பெயர். கவுன்டர் ஸ்ட்ரைக் 2 என்றால் 730, டோட்டா 2 என்றால் 570, போர்ட்டல் 2 என்றால் 620. கேமின் மூட்டை முடிச்செல்லாம் பக்கத்திலேயே காமன் என்ற ஃபோல்டரில் கிடக்கும். சீட்டு இருந்தால் கேம் இருக்கிறது. சீட்டு இல்லையென்றால், 60 ஜிபி மூட்டை கண்ணெதிரே கிடந்தாலும் ஸ்டீமுக்கு அது தெரியாது. கிராமக் கணக்கு மாதிரிதான், அடங்கலில் இல்லாத பயிர் பயிரே இல்லை.

முகவரி டி என்று இருக்கிறது, வீடு இ-க்கு மாறிவிட்டது. தபால்காரர் என்ன செய்வார்? திரும்பிப் போய்விட்டார்.

இதற்கு இரண்டு வழி. ஸ்டீம் அமைப்புகளில் சேமிப்பிடம் என்ற பகுதிக்குப் போய், புது முகவரியைச் சேர்ப்பது ஒன்று. விண்டோஸின் டிஸ்க் மேனேஜ்மென்டில் போய் எழுத்தையே பழையபடி மாற்றிக் கொடுப்பது இன்னொன்று. நான் இரண்டாவதைச் செய்தேன், அப்பாவின் ஷார்ட்கட்டுகளும் பிழைத்துக்கொள்ளும் என்பதால். அந்தக் குட்டிப் பகிர்விடமிருந்து டி-யைப் பிடுங்கி, என் டிஸ்கிடம் கொடுத்தேன். விண்டோஸ் இருக்கும் சி-யின் எழுத்தில் மட்டும் கை வைக்காதீர்கள்.

ஸ்டீமைத் திறந்தால் ஆறு கேம்கள் பளிச்சென்று வந்து நின்றன. போர்ட்டல் 2 மட்டும் வரவில்லை. பார்த்தால் 620 என்ற சீட்டைக் காணோம், மூட்டை மட்டும் இருக்கிறது. எப்போதோ இடம் பற்றவில்லை என்று நானே எதையோ அழித்த நினைவு லேசாக வருகிறது, விசாரணைக் கமிஷன் வேண்டாம். இந்த மாதிரி நேரத்தில் மூட்டையை அழித்துவிட்டு முதலிலிருந்து இறக்காதீர்கள். தைரியமாக "நிறுவு" என்பதை அமுக்கி, அதே டிரைவைக் காட்டுங்கள். ஸ்டீம் ஏற்கெனவே கிடக்கும் கோப்புகளைக் கண்டுபிடித்து, சரிபார்த்து, குறைவதை மட்டும்தான் இறக்கும். ரெண்டு நிமிஷத்தில் போர்ட்டல் 2 எழுந்து உட்கார்ந்தது.

(கொசுறு: எபிக் கடையில் கதை வேறு. அதுவும் ஒவ்வொரு கேமுக்கும் ஒரு சீட்டு வைத்திருக்கிறது, ஆனால் சீட்டு தொலைந்தால் பழைய மூட்டையைத் தானாக ஏற்றுக்கொள்ளாது. மூட்டையின் பெயரை மாற்றி வைத்துவிட்டு, அதே இடத்தில் புதிதாக இறக்க ஆரம்பித்து, கொஞ்சம் இறங்கியதும் நிறுத்தி வெளியே வந்து, புது ஃபோல்டரைத் தூக்கிவிட்டுப் பழையதற்குப் பழைய பெயரைக் கொடுத்து, திரும்பத் தொடர வேண்டும். அப்போது சரிபார்த்துவிட்டு ஒத்துக்கொள்ளும். 2020 மே மாதம் ஜிடிஏ 5ஐ அவர்கள் இலவசமாகக் கொடுத்தபோது கூட்டம் தாங்காமல் கடையே படுத்துவிட்டது ஞாபகம் இருக்கிறதா? ஊரடங்கு நேரம். நானும் அக்காவும் மாறி மாறி உட்கார்ந்து பக்கத்தை அமுக்கிக்கொண்டே இருந்தோம்.)

நிலப் பிரச்சினை தீர்ந்தது. மணி பதினொன்று. பட்டியலில் இன்னும் 26தான்.

அப்போதுதான் ஒரு காகிதத்தை எடுத்து, காணாமல் போனதை எல்லாம் ஞாபகத்திலிருந்து எழுதினேன். ஸ்டார்டியூ வேலி. ஹாஃப் லைஃப் 2. அந்த ரயில் ஓட்டும் கேம். புதிர் கேம்கள் ஒரு பத்துப் பன்னிரண்டு. எழுத எழுதக் கை மெதுவானது. இதில் ஒன்றுகூட நான் வாங்கியதில்லை. அத்தனையும் அக்கா வாங்கியது.

ஸ்டீமில் குடும்பம் என்று ஒரு வசதி இருக்கிறது. 2024 செப்டம்பரில் எல்லோருக்கும் வந்தது. ஒரே வீட்டில் இருப்பவர்கள் ஆறு பேர் வரை ஒரு குடும்பமாகச் சேரலாம். சேர்ந்தால் எல்லோருடைய கேம்களும் ஒரே பட்டியலில் வரும் (தயாரிப்பாளர்கள் பகிரக் கூடாது என்று சொன்னவை தவிர). அவரவர் ஆட்டத்தின் சேமிப்பு அவரவருக்கு. ஒருத்தர் ஒன்றை ஆடும்போது இன்னொருத்தர் வேறொன்றை ஆடலாம். வசதி வந்த அடுத்த மாதமே நான் குடும்பத்தை உருவாக்கி, அக்காவுக்கு அழைப்பு அனுப்பினேன். என் 26ம் அவள் 31ம் சேர்ந்துதான் அந்த 57. அவளுடைய லேப்டாப்பில் அவள் அக்கவுண்ட், வீட்டுக் கம்ப்யூட்டரில் என் அக்கவுண்ட். நாளாக ஆக எது யாருடையது என்ற ஞாபகமே எனக்குப் போய்விட்டது. எல்லாம் "நம்ம கேம்".

குடும்ப நிர்வாகப் பக்கத்தைத் திறந்தேன். உறுப்பினர்: ஒருவர். நான்.

அக்காவுக்கு 2025 ஆவணியில் கல்யாணம். கோயம்புத்தூரில் வீடு. அத்தானும் கம்ப்யூட்டர் கேம் ஆடுபவர், அவர் தம்பியும் ஆடுபவன் என்பதெல்லாம் பெண் பார்க்க வந்த அன்றே எங்களுக்குள் பேசிச் சிரித்த விஷயம். பெரியவர்கள் நகைக் கணக்குப் பேசிக்கொண்டிருந்தபோது நானும் அத்தானும் மொட்டை மாடியில் கிராஃபிக்ஸ் கார்டு பேசினோம்.

மணி பதினொன்றரை என்றும் பாராமல் போன் போட்டேன்.

"என்னலே, இந்நேரத்துல? அம்மாவுக்கு ஒண்ணும் இல்லையே?"

"அம்மா தூங்கியாச்சு. அக்கா, நீ ஸ்டீம்ல குடும்பத்தை விட்டுப் போயிட்டியா?"

கொஞ்ச நேரம் சத்தமே இல்லை. பிறகு, "ஏலே, சொல்லணும்னுதான் இருந்தேன். உனக்குப் பரீட்சை நேரம்னு விட்டுட்டேன்."

அந்த வசதியில் ஒரு விதி இருக்கிறது. பெரியவர்கள் எப்போது வேண்டுமானாலும் குடும்பத்தை விட்டு விலகலாம். ஆனால் சேர்ந்த நாளிலிருந்து ஒரு வருஷம் ஆன பிறகுதான் அடுத்த குடும்பத்தில் சேர முடியும். ஒரு நேரத்தில் ஒரே குடும்பம்தான். ஊர் சுற்றிப் பகிர்ந்துகொள்ளக் கூடாது என்பதற்காக வைத்தது. அக்கா சேர்ந்தது 2024 அக்டோபரில். கணக்குப் பார்த்தால், 2025 அக்டோபரில் ஒரு வருஷம் முடிகிறது. நவம்பரில் விலகி, அத்தான் குடும்பத்தில் சேர்ந்திருக்கிறாள். அதாவது கை தவறிப் பட்டுப் போகவில்லை. நாள் பார்த்துப் போயிருக்கிறாள்.

"இங்க எல்லாரும் ஒரே வீட்டுல இருக்கோம்லா. அவரு கேட்டாரு. நீயும் ஹாஸ்டல்லதான இருக்க, ஆடப் போறதில்லன்னு நெனச்சேன்."

"இப்ப என் கேமையெல்லாம் உன் கொழுந்தன் ஆடிட்டிருக்கான்."

"உன் கேமா?" என்று கேட்டுவிட்டுச் சிரித்தாள். நானும் சிரித்தேன். சிரித்துவிட்டு வைத்துவிட்டேன்.

மறுநாள் காலையில் அம்மாவிடம் ஒப்பாரி வைத்தேன். எங்கள் உரையாடல் கீழே:

"அம்மா, கேமைக் காணோம்."

"யாரு எடுத்தா?"

"அக்கா."

"அவ பொருள்னா அவ எடுத்துட்டுப் போகட்டும். தையல் மிஷினையும்தான் எடுத்துட்டுப் போனா, நான் கேட்டேனா?"

அதற்கு மேல் மேல்முறையீடு கிடையாது.

இதில் ஸ்டீமைக் குறை சொல்ல ஒன்றுமில்லை. விதி ஒரே வீட்டுக்காரர்களுக்கு. அவள் வீடு மாறிவிட்டாள், கேம்களும் மாறிவிட்டன. நியாயமாகப் பார்த்தால் என்னைவிட ஒரு மென்பொருளுக்கு அவள் கல்யாணம் ஒழுங்காகப் புரிந்திருக்கிறது.

ஆனால் நாம் காசு கொடுத்து வாங்கியதே நம்முடையதா என்பது வேறு கேள்வி. 2009 ஜூலையில் அமேசான், விற்ற ஆளுக்கு உரிமை இல்லை என்று சொல்லி, வாசகர்கள் வாங்கியிருந்த ஜார்ஜ் ஆர்வெல்லின் "1984" பிரதிகளை அவர்களுடைய கிண்டிலிலிருந்தே அழித்தது. அதுவும் வேறு எந்தப் புத்தகமும் கிடைக்காத மாதிரி அந்தப் புத்தகத்தை! பிறகு மன்னிப்புக் கேட்டார்கள். 2024 மார்ச் 31 அன்று யூபிசாஃப்ட் "தி க்ரூ" என்ற 2014ஆம் வருஷத்துக் கார் ஓட்டும் கேமின் சர்வர்களை அணைத்தது. இணையம் இல்லாமல் ஓடாத கேம் என்பதால் தனியாக ஆடுபவர்களுக்கும் போயிற்று. அடுத்த மாதம் வாங்கியவர்களின் உரிமத்தையே திரும்ப எடுத்துக்கொண்டார்கள். அந்தக் கோபத்தில்தான் ராஸ் ஸ்காட் என்பவர் கேம்களைக் கொல்லாதீர்கள் என்று ஓர் இயக்கம் தொடங்கினார். ஐரோப்பாவில் அதற்கான மனுவில் கையெழுத்து 2025 ஜூலையில் பத்து லட்சத்தைத் தாண்டியது. கலிஃபோர்னியாவில் 2025 ஜனவரி 1 முதல் ஒரு சட்டம் அமலில் இருக்கிறது: நிரந்தரமாகக் கையில் தராத டிஜிட்டல் பொருளை, உரிமம் மட்டும்தான் தருகிறோம் என்று தெளிவாகச் சொல்லாமல் "வாங்குங்கள்" என்று விற்கக் கூடாது. ஸ்டீம் அதற்கு முன்பே, 2024 அக்டோபரில், காசு கட்டும் இடத்தில் அந்த ஒரு வரியைப் போட்டுவிட்டது. நாம்தான் படிப்பதில்லை.

சரி, இவ்வளவு அலட்டலுக்கும் காரணம் 31 கேம் இல்லை. ஒன்றே ஒன்றுதான்.

ஸ்டார்டியூ வேலி தெரியாதவர்களுக்கு: நகரத்து ஆபீஸில் குப்பை கொட்டும் ஒருத்தருக்குத் தாத்தா தன் பண்ணையை எழுதி வைத்துவிட்டுப் போகிறார். கல்லும் முள்ளுமாகக் கிடக்கும் நிலம். அதைத் திருத்தி, விதை போட்டு, கோழி வளர்த்து, ஊராரோடு பழக வேண்டும். அவ்வளவுதான் கேம். எரிக் பரோன் என்ற ஒரே ஆள் படம் வரைந்து, இசை போட்டு, நிரல் எழுதி 2016 பிப்ரவரியில் வெளியிட்டது. 2020 டிசம்பரில் திரையைப் பாதியாகப் பிரித்து இரண்டு பேர் ஒரே கம்ப்யூட்டரில் ஆடும் வசதி வந்தது.

2025 மே மாதம், கல்யாணம் நிச்சயமாகிவிட்ட பிறகு, அக்காவும் நானும் புதிதாக ஒரு பண்ணை ஆரம்பித்தோம். நான் கீபோர்டு, அவள் கன்ட்ரோலர். வெயிலில் வெளியே போக முடியாத மத்தியானங்களில், வீட்டில் பத்திரிகை வைக்கப் போகிறவர்கள் வருகிறவர்கள் சத்தத்துக்கு நடுவே, ஜூலை வரை ஆடினோம். பண்ணையில் எனக்குப் பெரிய வீடு, அவளுக்குக் குடிசை. காசு பொது. விதை வாங்குவதா, கோழிக்கூண்டு கட்டுவதா என்று அடித்துக்கொள்வோம். அவள் தண்ணீர் ஊற்றுவதில் கில்லாடி, ஒரு செடி விடமாட்டாள். எனக்கு மீன் பிடிக்கப் போய்விட வேண்டும். அங்கேயும் அவளே வேலை செய்தாள் என்று சொல்லிக்கொள்ளலாம்.

இப்போது காமன் ஃபோல்டரில் ஸ்டார்டியூ மூட்டை கிடக்கிறது. பச்சைப் பொத்தான் இல்லை. உள்ளே இருக்கும் கோப்பை நேராகத் திறந்து பார்த்தால் என்ன என்று கை துறுதுறுத்தது. திறக்கவில்லை. பத்தாவது வரை திருட்டு சிடியில் ஆடி வளர்ந்தவனுக்கு இதெல்லாம் அதிகப்படியான யோக்கியதைதான், ஆனாலும் அவள் வீட்டுப் பொருள்.

நல்ல வேளையாக, ஸ்டார்டியூவின் சேமிப்பு மூட்டையோடு இல்லை. விண்டோஸ் பயனர் கணக்கின் ஆப்டேட்டா என்ற மறைவான ஃபோல்டருக்குள் தனியாக இருக்கும். சி டிரைவைக் கடைக்காரர் நகலெடுத்ததால் அதுவும் வந்திருந்தது. புதிதாக விண்டோஸ் போட்டிருந்தால் போயிருக்கும். இதை ஒரு முறை படித்துக்கொள்ளுங்கள்: கம்ப்யூட்டரைக் கடைக்குக் கொடுக்கும் முன் அந்த ஃபோல்டரைப் பென் டிரைவில் போட்டுவையுங்கள், கிளவுடில் இருக்கும் என்று இருந்துவிடாதீர்கள்.

சேமிப்பு வெறும் எழுத்துக் கோப்புதான். நோட்பேடில் திறந்தால் ஒரே அடைசலாக வரும், தேடினால் படிக்கலாம். என் பெயர் இருந்தது. இன்னும் கீழே போனால் அவள் பெயர். எத்தனை மில்லி விநாடி ஆடியிருக்கிறேன் என்று ஒரு எண், 16 கோடியே 56 லட்சத்துச் சொச்சம். 36 லட்சத்தால் வகுத்தால் 46 மணி நேரம். பண்ணையின் தேதி, இரண்டாம் வருஷம், இலையுதிர் காலம், 13.

13?

நாங்கள் கடைசியாக நிறுத்தியது 12ஆம் தேதிக் காலையில். எனக்கு நன்றாக ஞாபகம் இருக்கிறது. முதல் தேதி போட்ட பூசணி இன்னும் ரெண்டு நாளில் காய்த்துவிடும், அதற்குள் பந்தக்கால் நட ஆள் வந்துவிட்டார்கள் என்று அப்பா கத்தினார். கோப்பு கடைசியாக மாறிய தேதியைப் பார்த்தேன். 2025 அக்டோபர் 20, இரவு.

தலைதீபாவளி. அக்காவும் அத்தானும் வந்திருந்தார்கள். நான் ஹாஸ்டலிலிருந்து வந்து, சாப்பிட்டுவிட்டு, பசங்களோடு இரண்டாம் ஆட்டம் போய்விட்டேன்.

ஸ்டார்டியூவை என் பேரில் வாங்கினேன். பச்சைப் பொத்தான் வந்தது. பழைய சேமிப்பை அதுவே எடுத்துக்கொண்டது, அதற்கு வாங்கிய ஆள் யார் என்பதெல்லாம் முக்கியமில்லை. என் வீட்டுக் கட்டிலில் விழித்தேன்.

என் சிவப்புப் பெட்டிக்குப் பக்கத்தில் ஒரு நீலப் பெட்டி இருந்தது. நீலம் அவளுடையது, அவள் குடிசையில் இருந்தது. திறந்தேன். மரம், கல், கோடையில் பறித்த ப்ளூபெர்ரி, மயோனைஸ் பாட்டில்கள், அவள் யாருக்கும் கொடுக்காமல் சேர்த்து வைத்த ரெண்டு வைரம், எல்லாம் இருந்தது. குடிசைக்குப் போய்ப் பார்த்தேன். கட்டிலைத் தவிர ஒன்றுமில்லை. தோட்டத்துக்கு வந்தேன். பூசணி ஒன்றுகூட வாடவில்லை.

அக்காவிடம் இதை நான் கேட்கவில்லை. அவளும் சொல்லவில்லை.

தையில் தலைப்பொங்கல். எங்கள் பக்கம் பொங்கப்படி என்று பெண் வீட்டுக்குச் சீர் கொண்டுபோக வேண்டும். பித்தளைப் பானை, அரிசி, வெல்லம், கரும்பு, மஞ்சள் குலை, புடவை, வேட்டி எல்லாம் வேனில் ஏற்றி நானும் அப்பாவும் அம்மாவும் கோயம்புத்தூர் போனோம். பண்ணையின் சேமிப்பு ஃபோல்டர் பத்து எம்பிகூட இருக்காது. பென் டிரைவில் போட்டுச் சட்டைப் பையில் வைத்திருந்தேன்.

சாப்பாடு முடிந்து பெரியவர்கள் கண்ணயர்ந்த நேரம், அக்காவின் லேப்டாப்பில் அதே ஆப்டேட்டா ஃபோல்டரைத் திறந்து, ஒட்டினேன். அவள் பின்னால் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள். கேமைத் திறந்தாள். பட்டியலில் எங்கள் பண்ணையின் பெயர் வந்தது. கொழுந்தன் எட்டிப் பார்த்து, "அண்ணி, இது யாரோட ஃபார்ம்?" என்றான்.

"எங்க வீட்டுது," என்றாள்.

இப்போது பண்ணை இரண்டாகிவிட்டது. அவளுடையதில் ஒன்று நடக்கிறது, என்னுடையதில் ஒன்று. போன வாரம் வாட்ஸ்அப்பில் ஒரு படம் அனுப்பியிருந்தாள். பூசணி எல்லாம் அறுவடையாகி, என் மீன்பிடிக் குளத்தை ஒட்டி இரண்டாவது கோழிக்கூண்டு கட்டியிருக்கிறாள். அந்த இடத்தில் கூடாது என்று மே மாதம் முழுக்கச் சண்டை போட்டேன். என்னுடையதில் அந்த இடம் இன்னும் காலியாகத்தான் கிடக்கிறது. பூசணிக்கு இன்றைக்குத் தண்ணீர் ஊற்ற வேண்டும்.